கல்வட்டங்களுக்குப் பதிவேட்டில் ஒரு வரி வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். கொங்கு நாட்டின் கொறங்காடுகளிலும் கல்லாங்குத்துகளிலும் கிடக்கும் பழங்காலக் கல்வட்டங்களைப் பற்றிச் சில வார்த்தைகள் எழுத விரும்புகிறேன். நில அளவைத் துறையில் முப்பத்து நான்கு ஆண்டுகள் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் நான். தொல்லியல் படித்தவன் அல்லன். ஆனால் இந்த வட்டங்கள் காணாமல் போவதற்குத் தொல்லியல் தெரியாதவர்களைக் காட்டிலும், என்னைப் போலச் சங்கிலி பிடித்து நிலம் அளந்தவர்கள்தான் அதிகம் காரணம் என்பது எனக்குக் காலம் கடந்து புரிந்தது. அதனால்தான் இந்தக் கடிதம்.

சென்னிமலைக்கும் காங்கயத்துக்கும் இடையில், நொய்யலுக்குத் தெற்கே, ஓர் ஊரில் சுமார் ஆறு ஏக்கர் கொறங்காடு ஒன்று இருந்தது. வெளியூர் வாசகர்களுக்காகச் சொல்கிறேன்: சுற்றிலும் கிளுவை வேலி, உள்ளே கொழுக்கட்டைப் புல், ஆங்காங்கே வெள்வேல மரம் என்று, மாட்டுக்கும் ஆட்டுக்கும் மட்டுமே விடப்பட்ட மானாவாரி மேய்ச்சல் நிலத்தைத்தான் எங்கள் பக்கம் கொறங்காடு என்போம். அந்தக் காட்டின் நடுவே, இடுப்பளவு உயரத்தில், கவிழ்த்து வைத்த கூடை போல ஒரு மேடு. மேட்டைச் சுற்றி ஆளால் தூக்க முடியாத உருட்டுக்கற்கள் வட்டமாகப் பதிந்திருந்தன. நான் எண்ணியபோது இருபத்திரண்டு இருந்தன. இரண்டு இடங்களில் கல் பெயர்ந்துபோன பள்ளம் தெரிந்தது. மேட்டின் மேல் சுக்காங்கல்லும் வெங்கச்சாங்கல்லும் கலந்த ஒரு குவியல், அதற்குள்ளிருந்து ஒரு பலகைக்கல்லின் விளிம்பு மட்டும் ஒரு சாண் வெளியே நீட்டிக்கொண்டிருந்தது. மழை பிடித்தால் ஆடுகளெல்லாம் அந்த மேட்டில்தான் போய் ஒண்டிக்கொள்ளும், ஏனென்றால் காடு முழுக்கச் சொதசொதவென்று ஆனாலும் அதன் மேல் மட்டும் தண்ணீர் நிற்காது.

1983ஆம் ஆண்டு, நில உடைமை மேம்பாட்டுத் திட்டம் நடந்துகொண்டிருந்த காலத்தில், உட்பிரிவு செய்வதற்காக அந்தப் புலத்துக்குப் போனேன். சுற்றுவட்டத்தில் உயரமான இடம் அதுவாக இருந்ததால் அந்த மேட்டின் மீதே கொடியை நட்டுக் கோடு பிடித்தேன். ஜி லைன் என்னும் அளவைக் கோடு அதன் தோளைத் தொட்டுக்கொண்டு போயிற்று. ஆடு மேய்த்துக்கொண்டிருந்த ஒரு பெரியவர் வந்து, "அது பாண்டவங்க குழிங்க, மேல நிக்காதீங்க, உள்ளுக்குள்ள குள்ள மனுசங்க குடியிருந்தாங்கன்னு எங்க அப்பாரு சொல்லுவாருங்க" என்றார். நான் சிரித்துவிட்டு வேலையைப் பார்த்தேன். புலப்படத்தில், அதாவது அந்தப் புலத்தின் அளவை வரைபடத்தில், கிணற்றைக் குறித்தேன், பாறையைக் குறித்தேன், வேலியோரத்துக் கருப்பராயன் கோயிலைக் குறித்தேன், வண்டித்தடத்தைப் புள்ளிக்கோட்டில் போட்டேன். நான் நின்ற மேட்டைக் குறிக்கவில்லை. அதற்கென்று ஓர் அடையாளம் எனக்குச் சொல்லித் தரப்படவில்லை என்பது உண்மைதான், ஆனால் அது முழுச் சமாதானம் ஆகாது. கிணறு இல்லாத இடத்தில் கிணறு போட்டால்தான் தவறு, மேடு இருக்கும் இடத்தில் மேடு என்று எழுதினால் யாரும் கேட்டிருக்க மாட்டார்கள்.

இரண்டு ஆண்டுகளுக்கு முன் அதே ஊருக்கு ஒரு விசேஷத்துக்குப் போனவன், பழைய நினைப்பில் அந்தக் காட்டுப் பக்கம் நடந்தேன். கிளுவை வேலியே இல்லை. ஓர் ஒப்பந்த நிறுவனம் கிராவல் மண் எடுத்துக்கொண்டிருந்தது. காடு ஆளுயரத்துக்குக் குழியாகி, பொக்லைன் ஒரு மூலையில் நின்றிருந்தது. அள்ளிக் குவித்திருந்த மண்ணில் கைப்பிடி அளவு ஓடுகள் கிடந்தன. ஒன்றை எடுத்து வேட்டியில் துடைத்தேன். உட்புறம் மை பூசினாற்போல் பளபளக்கும் கருப்பு, வெளியே அடிப்பக்கம் செங்கல் சிவப்பு, வாய் விளிம்புக்கு அருகில் மட்டும் வெளியிலும் கருப்பு படர்ந்திருந்தது. பானையைக் கவிழ்த்து வைத்துச் சூளையில் சுட்டதால், காற்றுப் படாத உட்புறமும் விளிம்பும் கருத்து, காற்றுப் பட்ட மேற்புறம் சிவந்த கலம் அது. அதன் மீது வரியைப் போல ஏதோ கீறலும் இருந்தது; எழுத்தா, குறியீடா, பொக்லைன் பல்லின் தடமா என்று சொல்ல எனக்குத் தகுதி இல்லை. மீதி ஓடுகள் எத்தனை நடை டிப்பரில் ஏறி எந்தச் சாலையின் அடியில் கிடக்கின்றனவோ.

சம்பந்தப்பட்ட அலுவலகத்துக்குப் போய்ச் சொன்னேன். அங்கிருந்த அதிகாரி நல்லவர், மரியாதையாகவே பேசினார். புல எண்ணைக் கேட்டு, கிராமத்து நிலங்களின் விவரம் அடங்கிய அ-பதிவேட்டையும் புலப்படத்தையும் எடுத்துப் பார்த்துவிட்டு, "இதில் ஒன்றும் இல்லையே, ஐயா, பட்டா நிலம், மானாவாரி என்றுதானே இருக்கிறது, எதை வைத்து நிறுத்துவது?" என்றார். அவர் மேசையில் விரித்து வைத்திருந்த புலப்படத்தின் மூலப்படி நான் வரைந்தது.

இந்த மேடுகள் என்னவென்று அறியாதவர்களுக்காகச் சிறிது சொல்ல வேண்டும். இவை இரும்புக் காலத்தைச் சேர்ந்த ஈமச்சின்னங்கள். நான்கு பலகைக்கற்களை நிலத்துக்குள் செங்குத்தாக நிறுத்தி ஒரு பெட்டி போல் அமைத்து, அதற்குள் இறந்தவரின் எலும்புகளையும் கலங்களையும் கருவிகளையும் வைத்து, மேலே மூடுகல் போட்டு, கல்லும் மண்ணும் குவித்து, சுற்றிலும் கல்வட்டம் பதித்தார்கள். ஒரு பக்கப் பலகையில் கை நுழையும் அளவோ, ஆள் தவழ்ந்து நுழையும் அளவோ வட்டமாக ஒரு துளை இருக்கும்; இதை இடுதுளை என்பார்கள். பலகைகளை நிறுத்தியிருக்கும் விதம் பார்க்கப் பார்க்க வியப்பானது. ஒவ்வொரு பலகையின் ஒரு முனையும் அடுத்த பலகையைத் தாண்டி நீண்டு அதைத் தாங்கி நிற்கும். வெளியிலிருந்து மண் எவ்வளவு நெருக்கினாலும் பலகை உள்ளே சாயாது. சுண்ணாம்பும் இல்லை, ஆணியும் இல்லை. நம் ஊர்ப் பாறை பலகை பலகையாகப் பிளக்கும் குணத்தைத் தெரிந்துகொண்டு செய்த வேலை. இறந்தவரைச் சுடுவோர், வெறுமனே இடுவோர், குழி தோண்டிப் புதைப்போர், தாழ்ந்த இடத்தில் அடைத்து வைப்போர், தாழியில் கவிப்போர் என்று ஐந்து வகையினரை மணிமேகலை சொல்கிறது.

நொய்யலின் வடகரையில் இருக்கும் கொடுமணலைப் பற்றி வாசகர்கள் நிறையக் கேள்விப்பட்டிருப்பார்கள். பதிற்றுப்பத்தில் கொடுமணம் என்று வரும் ஊர் இதுதான் என்பது அறிஞர்கள் பலரின் கருத்து. 1985 முதல் அங்கே தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகமும், பின்னர் பேராசிரியர் கா. ராஜன் தலைமையில் புதுவைப் பல்கலைக்கழகமும், மாநிலத் தொல்லியல் துறையும் வெவ்வேறு ஆண்டுகளில் அகழ்ந்தன. மக்கள் வாழ்ந்த பகுதியை ஒட்டி, மேட்டாங்காட்டில், ஈமச்சின்னங்கள் பரந்து கிடக்கின்றன. ஒரே கல்லறையில் சூதுபவளம் என்னும் செந்நிறக் கல்லில் செய்த 2,000க்கும் மேற்பட்ட மணிகள் கிடைத்தன. மற்றொன்றில், உடம்பில் கற்கள் பதித்த சிறிய வெண்கலப் புலி. தமிழி (தமிழ் பிராமி) எழுத்தில் பெயர் பொறித்த பானை ஓடுகள் நூற்றுக்கணக்கில். இரும்பையும் எஃகையும் உருக்கிய உலைகளின் எச்சங்களும் அங்கே உண்டு. காங்கயத்துக்குப் பக்கத்தில் படியூரில் கிடைத்த பச்சைக்கல்லும், சிவன்மலைப் பக்கத்து நீலக்கல்லும் பட்டை தீட்டப்பட்டதும் கொடுமணலில்தான். சூதுபவளமோ குஜராத்திலிருந்து வந்திருக்க வேண்டும். ஆறு ஏக்கர் காட்டில் ஆடு ஒண்டிய மேட்டுக்குள் எதுவும் இருந்திருக்காது என்று யார் சொல்ல முடியும்?

பழனிக்குத் தென்மேற்கே பொருந்தலில் 2009, 2010 ஆண்டுகளில் நடந்த அகழாய்வு இன்னொன்றைக் காட்டியது. அங்கே ஒரு கல்லறைக்குள் நான்கு கால் சாடி ஒன்றில் இரண்டு கிலோ அளவுக்கு நெல் இருந்தது. மணி மணியாக இருந்த அந்த நெல்லைக் கரிமப் பகுப்பாய்வுக்கு அனுப்பியபோது கி.மு. 490 என்று காலம் வந்தது. அதே கல்லறையில் எழுத்துப் பொறித்த கலமும் இருந்ததால், தமிழி எழுத்தின் காலத்தைப் பற்றிய பேச்சே மாறிப்போனது. கவனிக்க வேண்டியது என்னவென்றால், நெல்லும் எழுத்தும் ஒரே மூடுகல்லுக்குக் கீழே, வைத்தவர் வைத்த இடத்திலேயே இருந்ததால்தான் அந்த முடிவுக்கு மதிப்பு. நெல்லை ஒருவரும் ஓட்டை ஒருவரும் தனித்தனியாகக் கொண்டுவந்து கொடுத்திருந்தால் அவை வெறும் நெல்லும் ஓடும்தான். தமிழகத்து இரும்புக் காலத்தின் தொடக்கத்தை 2022இல் கி.மு. 2172 வரை கொண்டுபோன கிருஷ்ணகிரி மாவட்டத்து மயிலாடும்பாறைக்கும் இது பொருந்தும். டிப்பரில் ஏறிய மண்ணிலிருந்து இப்படி ஒரு தேதியை யாராலும் எடுக்க முடியாது.

இந்தக் கல்லறைகள் எங்கெங்கே உள்ளன என்று நம் முன்னோர் எழுதவில்லையே தவிர, வெள்ளைக்காரர் எழுதாமல் இல்லை. வால்ஹவுஸ் என்ற ஆங்கிலேய அதிகாரி கோயம்புத்தூர் மாவட்டத்துப் பெருங்கற்சின்னங்களைப் பற்றி 1875இலேயே கட்டுரை வெளியிட்டார். 1882இல் ராபர்ட் சீவெல், மதராஸ் மாகாணத்துத் தொல்பொருள் இடங்களைத் தொகுத்து அச்சிட்ட பட்டியலில், கோயம்புத்தூர் மாவட்டத்து ஊர்களைத் தாலுகா வாரியாகப் பிரித்து எங்கெங்கே இத்தகைய கல்லறைகள் உள்ளன என்று குறித்திருக்கிறார். நூற்று நாற்பது ஆண்டுகளுக்கு மேலாக அந்தப் பட்டியல் நூலகத்தில் இருக்கிறது. அதே ஊர்களின் அ-பதிவேடு வட்டாட்சியர் அலுவலகத்தில் இருக்கிறது. இரண்டையும் ஒரே மேசையில் வைத்துப் பார்த்த ஒருவரை என் பணிக்காலத்தில் நான் சந்தித்ததில்லை. நானும் பார்த்ததில்லை.

சட்டம் இல்லாமல் இல்லை. தமிழ்நாட்டுப் பழமைச் சின்னங்கள், தொல்லியல் இடங்கள் குறித்த 1966ஆம் ஆண்டுச் சட்டம் இருக்கிறது. மத்திய அரசு பாதுகாக்கும் சின்னங்களைச் சுற்றி 100 மீட்டருக்குக் கட்டுமானம் கூடாது, அதற்கு அப்பால் 200 மீட்டருக்கு அனுமதி வேண்டும் என்று 2010இல் திருத்தமும் வந்தது. ஆனால் இவையெல்லாம் பாதுகாக்கப்பட்டது என்று அறிவிக்கப்பட்ட இடத்துக்குத்தான். காட்டுக்குள் கிடக்கும் ஒரு கல்வட்டத்தை யாரும் அறிவிப்பதில்லை. அறிவிப்பு வரும்வரை அது சட்டத்தின் கண்ணுக்கு வெறும் கல். 1878ஆம் ஆண்டுப் புதையல் சட்டப்படி, மண்ணுக்குள்ளிருந்து பத்து ரூபாய்க்கு மேல் மதிப்புள்ள எதைக் கண்டெடுத்தாலும் ஆட்சியருக்குத் தெரிவிக்க வேண்டும் என்பதும் உண்டு. கருப்புச் சிவப்பு ஓட்டின் மதிப்பு பத்து ரூபாயா என்று கேட்டால் பொக்லைன் ஓட்டுநர் என்ன பதில் சொல்வார்?

ஆகவே நான் கேட்பது புதுச் சட்டம் அல்ல, வேலி அல்ல, பெயர்ப்பலகையும் அல்ல. பெயர்ப்பலகையைப் பொறுத்தவரை எனக்கு அச்சமே உண்டு. இங்கே பழங்காலக் கல்லறை இருக்கிறது என்று கொட்டை எழுத்தில் எழுதி வைத்தால், அமாவாசை இரவில் கடப்பாரையோடு வரும் புதையல் ஆசாமிக்கு வழி காட்டியதாக ஆகிவிடும். நான் கேட்பது இவ்வளவுதான்: புலப்படத்தில் ஒரு சிறு வட்டம், அ-பதிவேட்டின் குறிப்புக் கலத்தில் "கல்வட்டம் உள்ளது" என்று ஒரு வரி.

அந்த ஒரு வரி என்ன செய்யும் என்பதை அலுவலகத்தில் உட்கார்ந்தவன் என்ற முறையில் சொல்கிறேன். மண் எடுக்கவோ, வீட்டுமனை பிரிக்கவோ, காற்றாலை நடவோ, சூரிய மின் தகடு பரப்பவோ யாராவது மனு கொடுத்தால், கிராம நிர்வாக அலுவலரிடமும் சர்வேயரிடமும் புலத்தணிக்கை அறிக்கை கேட்பார்கள். அவர்கள் முதலில் திறப்பது அ-பதிவேட்டைத்தான். அதில் மயானம் என்றோ, வண்டிப்பாதை என்றோ, நீரோடை என்றோ இருந்தால் கோப்பு அந்த இடத்திலேயே நிற்கும். அதைப் பற்றி எழுதாமல் யாரும் கையெழுத்துப் போட மாட்டார்கள், போட்டால் பிற்பாடு பதில் சொல்ல வேண்டியிருக்கும். எழுதாமல் விட்டதற்காக இதுவரை எந்தச் சர்வேயரும் பதில் சொன்னதில்லை, நான் உட்பட. இன்றைக்குத் தாராபுரம், காங்கயம், பல்லடம் பக்கத்துக் கொறங்காடுகள் மின் உற்பத்திக்கென்று கை மாறும் வேகத்தைப் பார்க்கும்போது, கோப்பு ஒரு வாரம் நிற்பதே பெரிய விஷயமாகத் தோன்றுகிறது. அந்த ஒரு வாரத்தில் தொல்லியல் அலுவலர் ஒருவர் வந்து பார்த்துவிட முடியும்.

இதற்காகத் தனி அளவைப் பணி தேவை என்று சொல்லிக் கோப்பைத் தூங்க விட்டுவிடக் கூடாது. உட்பிரிவு மனு, எல்லைத் தகராறு, வங்கிக் கடன் என்று ஏதோ ஒரு காரணத்துக்காகச் சர்வேயர் தினமும் காட்டுக்குப் போய்க்கொண்டுதான் இருக்கிறார். போகிற புலத்தில் வட்டம் இருந்தால், செயற்கைக்கோள் கருவியில் அதன் நடுப்புள்ளியை ஒருமுறை அழுத்திப் பதிவு செய்ய இரண்டு நிமிடம் ஆகாது. நாங்கள் சங்கிலியும் கிராஸ் ஸ்டாஃபும் தூக்கிக்கொண்டு வெயிலில் அலைந்து, ஓர் ஆப்செட் (கோட்டிலிருந்து செங்குத்துத் தூரம்) எடுக்க அரை மணி நேரம் நின்ற காலம் இப்போது இல்லை. சீவெல் பட்டியலில் உள்ள ஊர்களில் தொடங்கலாம். ஆடு மேய்க்கும் பெரியவர்களிடம் "பாண்டவர் குழி எங்கே இருக்குதுங்க?" என்று கேட்டால் கையை நீட்டிக் காட்டுவார்கள், அந்தத் தலைமுறை இருக்கும்போதே கேட்டுவிடுவது நல்லது, ஏனென்றால் காட்டைப் பார்க்காமல் திருப்பூருக்கு வேலைக்குப் போகும் பிள்ளைகளுக்கு அந்தப் பெயரே தெரியவில்லை.

நில உடைமையாளர்களின் அச்சத்தையும் நான் அறிவேன், அதைச் சும்மா ஒதுக்கிவிட முடியாது. பதிவேட்டில் எழுதிவிட்டால் அரசாங்கம் காட்டைப் பிடுங்கிக்கொள்ளும், பிறகு விற்கவும் முடியாது, கிணறு வெட்டவும் முடியாது என்று பலர் நினைக்கிறார்கள். இந்தப் பயத்தினாலேயே சிலர் யாருக்கும் தெரியாமல் இரவோடு இரவாக மேட்டைத் தள்ளிவிட்டதை என் காதால் கேட்டிருக்கிறேன். குறிப்புக் கலத்தில் வரும் ஒரு வரி பட்டாவை மாற்றாது, உரிமையைத் தொடாது, மேய்ச்சலைத் தடுக்காது என்பதை அரசு எழுத்தில் தெளிவாக வெளியிட வேண்டும். உண்மையைச் சொன்னால், இரண்டாயிரத்து ஐந்நூறு ஆண்டுகளாக இந்த மேடுகளைக் காப்பாற்றி வந்தது எந்தத் துறையும் அல்ல, கொறங்காடுதான். ஏர் ஆழமாக இறங்காத நிலம், ஆட்டின் குளம்பு மட்டும் படும் நிலம், வருடத்துக்கு ஒருமுறை கிளுவை நட்டு வேலியைப் பழுது பார்ப்பதோடு வேறு கை படாத நிலம். வட்டம் உள்ள கொறங்காட்டைக் கொறங்காடாகவே வைத்திருக்கும் குடியானவருக்கு வேலி போடும் செலவுக்காகவாவது அரசு ஒரு சிறு தொகை கொடுத்தால், அது அகழ்வைப்பகம் கட்டும் செலவில் ஒரு மூலைக்குக்கூட வராது. கல்வட்டத்தைக் காக்க விரும்புகிறவர்கள் காங்கயம் மாட்டையும் அதன் மேய்ச்சலையும் காப்பதைப் பற்றியும் யோசிக்க வேண்டும். எங்கள் பக்கம் இரண்டும் ஒரே வேலிக்குள்தான் இருக்கின்றன.

நான் கையில் எடுத்த ஓட்டை மாவட்டத் தொல்லியல் அலுவலரிடம், எடுத்த இடத்தைக் குறித்த ஒரு வரைபடத்தோடு ஒப்படைத்துவிட்டேன். இடம் தெரிந்தாலும் எந்த ஆழத்தில், எதற்குப் பக்கத்தில் இருந்தது என்று என்னால் எழுத முடியவில்லை. அந்தக் குழிக்கு மேற்கே, இரண்டு புலம் தள்ளி, வேறொருவர் காட்டில் இன்னும் மூன்று வட்டங்கள் கலையாமல் இருக்கின்றன. காட்டுக்காரரின் சம்மதத்தோடு அவற்றின் விட்டத்தை நாடாவால் அளந்து, புலப்படத்தின் நகலில் நானே வரைந்து, குறிப்புக் கலத்தில் சேர்க்கக் கோரி வட்டாட்சியர் அலுவலகத்தில் மனுக் கொடுத்திருக்கிறேன். மனு கொடுத்து ஐந்து மாதம் ஆகிறது. ஒப்புகைச் சீட்டு என்னிடம் பத்திரமாக இருக்கிறது.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற நில அளவையர் ஒருவர்,
காங்கயம் வட்டம்.